எளிமையாக விளக்கப்பட்டன

'எளிமையாக' என்றால் 'சுலபமாக' என்று பொருள் என்பது தமிழ் பேசுவோரிடையே ஆழமாக வேரோடிவிட்ட ஒரு நம்பிக்கை. அது பிழை. கொசு கடித்தால் காலரா வரும் என்று நம்புவதைப் போல, ஆளைக் கொல்லக்கூடிய பிழை என்று அம்பலவாணன் ஒரு கருத்தரங்கில் குரலை உயர்த்திச் சொன்னபோது, கேட்டுக்கொண்டிருந்த பதினோரு பேரில் இரண்டு பேர் விழித்துக்கொண்டார்கள். சுலபம் என்பது வேலையின் குணம். எளிமை என்பது செய்கிறவரின் முடிவு. மலை மேலிருந்து கல் சுலபமாக உருளும். எளிமையாக உருளாது, ஏனென்றால் வேறு மாதிரி உருளும் உத்தேசம் கல்லுக்குக் கிடையாது. அமைச்சர் எளிமையாக வாழ்ந்தார் என்று எழுதுவார்கள். அவர் வீட்டில் பாத்திரம் துலக்கிய பெண்மணி எளிமையாக வாழ்ந்தார் என்று ஒருவரும் எழுதியதில்லை, அவர் குடித்ததும் அதே கஞ்சிதான் என்றாலும். பெட்டியில் பட்டு இருக்க, நூல் சேலையை எடுத்துக் கட்டுகிறவளுக்குத்தான் அந்தச் சொல் பொருந்தும். பல்கலைக்கழக அகராதித் திட்டத்தில் இருபத்தெட்டு வருஷம் துணையாசிரியராக இருந்த காலத்தில் பத்தொன்பது நாள் உட்கார்ந்து, நாற்பத்து மூன்று மேற்கோள் சீட்டுகளை மேஜையில் பரப்பி வைத்து, இதையெல்லாம் மூன்றே வரியில் எழுதி முடித்தவர் அவர். இப்போது காலை எட்டு மணி ஐந்து நிமிடத்துக்கு, திருச்சியில் ஒரு தனியார் மருத்துவமனையின் இரண்டாம் மாடி வராந்தாவில், துளை துளையாகக் குத்திய இரும்பு நாற்காலியில், மனைவியின் அறுவை சிகிச்சைக்கான ஒப்புதல் படிவத்தை மடியில் வைத்துக்கொண்டு அதே சொல்லை வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். படிவத்தின் கடைசி வரி இது: 'மேற்கண்ட யாவும் எனக்கு எளிமையாக விளக்கப்பட்டன.' அதன் கீழே கையெழுத்துக்கு ஒரு கோடு. அந்த வரியை எழுதியதும் அவர்தான்.

பதினோரு வருஷத்துக்கு முன்னால் இந்த மருத்துவமனையின் நிர்வாக அதிகாரியாக இருந்தவர் கல்லூரியில் அவருடன் படித்தவர். ஆங்கிலப் படிவத்தைக் கொண்டுவந்து, நல்ல தமிழில் வேண்டும், கொச்சையாக இருக்கக் கூடாது என்று கேட்டார். இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள் அதற்குப் போயின. ஒரு கூடைப் பழமும் ஒரு தினசரி நாட்காட்டியும் வந்தன. கடைசி வரியில் 'தெளிவாக' என்று போட்டால் போதாதா என்று நண்பர் கேட்டதற்கு, தெளிவு தண்ணீருக்கும் உண்டு, பேசுகிறவருக்கு மனசு இருக்கிறது என்பதைக் காட்ட 'எளிமையாக' என்றுதான் வரவேண்டும் என்று அம்பலவாணன் அரைமணி நேரம் வாதாடினார். கடினமாகச் சொல்லத் தெரிந்த மருத்துவர், வேண்டுமென்றே படியிறங்கி வந்து, நோயாளியின் பக்கத்தில் உட்கார்ந்து சொல்கிறார். அந்த இறக்கம் இந்தச் சொல்லில் இருக்கிறது ஐயா என்றார். இருந்தது. காகிதத்தில் இருந்தது. நேற்று மாலை அறுவை செய்யப்போகிற டாக்டர் ஷர்மதா வந்தபோது உட்காரவில்லை. கையில் கைப்பேசி அதிர்ந்துகொண்டே இருந்தது. "சிம்பிள் சர்ஜரிதான் அங்கிள். தைராய்டுல இருக்கிற கட்டியை எடுத்துடுறோம். நாலாம் நாள் வீட்டுக்குப் போயிடலாம்." எந்த சிம்பிள்? செய்கிறவருக்கா, செய்துகொள்கிறவருக்கா? மனைவி தையல்நாயகிதான் கட்டிலில் இருந்தபடி கேட்டாள், "குரலுக்கு ஒண்ணும் ஆகாதே டாக்டர்?" என்று. "குரலுக்குப் போற நரம்பு பக்கத்துலதாம்மா போகுது. பார்த்துப் பண்ணுவோம்." பார்த்து. அதுவும் ஒரு வினையடைதான். தெருவைக் கடக்கிற பிள்ளையிடம் 'பார்த்துப் போ' என்கிறோம். லாரி வருகிற தெருவில்தான் அப்படிச் சொல்கிறோம். லாரி வராத தெருவில் யாரும் சொல்வதில்லை. இதை நினைத்த மாத்திரத்தில் நேற்றிரவு அவருக்கு உள்ளங்கை வியர்த்தது. இப்போதும் வியர்த்தது. படிவத்தின் ஓரம் ஈரமாகி லேசாகச் சுருண்டது.

குரல். அவளிடத்தில் அவர் முதலில் அறிந்ததே அதைத்தான். முப்பத்தொரு வருஷம் தொலைபேசி இலாகாவில், வெளியூர் அழைப்புகளை இணைத்துத் தரும் டிரங்க் எக்ஸ்சேஞ்சிலும், பிறகு டிரங்க் கால் ஒழிந்துபோனதும் புகார்ப் பிரிவிலும் இருந்தவள். கல்யாணத்துக்கு முன்னால், மதுரைக்கு ஒரு பேராசிரியரைக் கூப்பிட்டு 'அந்தோ' என்பது இடைச்சொல்லா என்று அவர் பேசிக்கொண்டிருக்கையில் நடுவில் ஒரு பெண்குரல் வந்தது, சுத்தமாக, கழுவிக் கவிழ்த்த டம்ளர் மாதிரி: "மூணு நிமிஷம் ஆச்சு சார். நீட்டிக்கவா, முடிக்கவா?" அவர் நீட்டித்தார். மறுபடி வந்தது. மறுபடி நீட்டித்தார். மூன்றாம் தடவை அந்தக் குரல், "சார், அவர் போனை வச்சுட்டுப் போய் அஞ்சு நிமிஷம் ஆச்சு, நீங்கதான் பேசிக்கிட்டிருக்கீங்க" என்றது. அதற்கப்புறம் பெரியவர்கள் பேசி முடித்த இடத்தில் அதே குரல் கதவுக்குப் பின்னாலிருந்து வந்தபோது எழுந்து நின்றுவிட்டார். முப்பத்தைந்து வருஷமாக அவருடைய வாக்கியங்களை அவள் மூன்று நிமிஷத்தில் நறுக்கிக்கொண்டிருக்கிறாள். ஏங்க, வினைமுற்று எப்ப வரும்? என்பாள், ரசத்துக்கு உப்புப் போட்டபடி. அந்தக் குரல் இல்லாத வீட்டை நினைத்துப் பார்க்க முயன்றார், உடனே நிறுத்திக்கொண்டார், ஆனால் நினைப்பு நிற்கவில்லை, கம்மிப்போன ஒரு தொண்டை சமையலறையிலிருந்து ஏதோ சொல்வதும், அவர் "என்ன, என்ன?" என்று கேட்டுக்கொண்டே இருப்பதும், கடைசியில் அவள் சொல்வதையே விட்டுவிடுவதுமாக அது தன் பாட்டுக்கு ஓடியது. குரல் போவது இருக்கட்டும், ஆளே போய்விட்டால் என்று அதன் பின்னாலேயே இன்னொன்று வந்து நின்றது. அதைப் பார்க்காமலிருக்கப் படிவத்தைப் பார்த்தார்.

வரிசையாகக் கேள்விகள், ஒவ்வொன்றுக்கும் எதிரே 'ஆம்', 'இல்லை' என்று இரண்டு கட்டங்கள். செவிலியர் ஜெனிட்டா நேற்று சாயங்காலம் ஐந்து நிமிஷத்தில் நிரப்பியிருந்தாள். நீல மையில் 'இல்லை'க் கட்டங்களில் டிக்குகள் வானத்தில் நாரைக்கூட்டம் போல ஒரே சாய்வில் இறங்கின. அம்மாவுக்கு சுகர் இருக்கா, இல்ல, பிரஷர், இல்ல, ஆஸ்துமா, இல்ல, அவ்வளவு கேட்டாள், மீதியை இறக்கைகளே பார்த்துக்கொண்டன. வேலை மிகுந்த இடத்தில் எல்லாரும் அப்படித்தான் செய்வார்கள் என்று அம்பலவாணனுக்கும் தெரியும். வருமான வரிப் படிவத்தை அவரும் அப்படித்தான் நிரப்புவார். கேள்விகளின் மொழியைப் பார்த்தபோது மட்டும் நெஞ்சில் பழைய பெருமிதம் ஒன்று, இடம் பொருள் தெரியாமல், எட்டிப் பார்த்தது. 'உணர்வகற்றியால் முன்னர் ஊறு நேர்ந்ததுண்டா?' நல்ல வாக்கியம். 'குருதியுறைவுத் தடுப்பிகள் உட்கொள்பவரா?' பதினான்காம் கேள்வி. அந்தத் தொடரை அமைக்க ஒரு முழு மதியம் ஆயிற்று. த் மிகுமா மிகாதா என்று பார்த்தார். மிகுந்திருந்தது. சரியாகவே இருந்தது. அச்சுக்காரன் பதினோரு வருஷமாக ஒற்றை விடாமல் காப்பாற்றியிருக்கிறான். எதிரே ஒரு நாரை, 'இல்லை'யில். அடுத்த கேள்விக்குப் போனார்.

கண் வரிகளில் இறங்கிக்கொண்டிருக்க, மனசு வேறெங்கோ போய் ஒரு காலையில் முட்டி நின்றது. இரண்டு வருஷம் இருக்கும். அவர் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். அவள் குளியலறை வாசலில் நின்று, "ஏங்க, எனக்கு வாய் ஒரு பக்கமா இருக்கு" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். கத்தவில்லை, அழவில்லை. அந்த வாக்கியம் அவ்வளவு சாதாரணமாக வந்ததால் அவர் பேப்பரை மடித்து வைத்துவிட்டு எழ முழுசாக ஒரு நிமிஷம் ஆயிற்று; அந்த ஒரு நிமிஷத்தை அவர் இன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை. ஆட்டோவில் போகும்போதே வாய் நேரானது. மூளை நரம்பு டாக்டர் படம் எடுத்துப் பார்த்து, பயப்பட ஒன்றும் இல்லை என்று சொல்லி, ஏதோ விளக்கினார். அம்பலவாணன் அப்போது டாக்டரின் தலைக்குப் பின்னால் சுவரில் மாட்டியிருந்த 'காலனிகளை வெளியே விடவும்' என்பதைப் பார்த்துக்கொண்டிருந்தார். காலணிக்கு மூன்று சுழி ண. டாக்டர் பேசி முடித்தார். ஒரு மாத்திரை, தினம் ராத்திரி, விடாமல். அன்றிலிருந்து அதற்கு வீட்டில் தலைசுற்றல் மாத்திரை என்று பெயர், தலைசுற்றியதே இல்லை என்றாலும். ஞாயிற்றுக்கிழமைதோறும் ஏழு அறை கொண்ட டப்பாவில் அவர்தான் நிரப்புவார். சத்து மாத்திரை வெள்ளை, எலும்புக்கானது பெரிசு, தலைசுற்றல் மாத்திரை ரோஸ். நேற்று ராத்திரி பத்து மணிக்கு மேல் பச்சைத்தண்ணீர் கூடாது என்று ஜெனிட்டா சொன்னதும், தையல்நாயகி ஒன்பதே முக்காலுக்கு இட்லியைத் தின்று, பையிலிருந்த டப்பாவைத் திறந்து புதன்கிழமை அறையைக் காலி செய்துவிட்டுத்தான் படுத்தாள். ஒழுங்கு தவறாதவள்.

"சார், சைன் ஆச்சா?" ஜெனிட்டா வந்து நின்றாள். செருப்பில்லாத காலைப் போலச் சத்தமே இல்லாத ரப்பர் காலணி. "தியேட்டர்ல கூப்பிட்டுட்டாங்க. ஒன்பது மணி கேஸ் அம்மாதான்."

"சிஸ்டர், இந்தக் கடைசி வரி இருக்கு பாருங்க."

"ஆமா சார், அதுக்குக் கீழதான் சைன்."

"இல்லம்மா. 'எளிமையாக விளக்கப்பட்டன'ன்னு இருக்கு. அப்படி யாரும் விளக்கலையே."

ஜெனிட்டா படிவத்தைப் பார்த்தாள், அவரைப் பார்த்தாள். மூன்று வருஷ வேலையில் அந்த வரியை அவள் முதல்முறையாகப் படிப்பது முகத்தில் தெரிந்தது. "எல்லாரும் போடுறதுதான் சார்."

அறைக்குள்ளிருந்து குரல் வந்தது. "ஏங்க, போட்டுக் குடுங்க. தமிழ்ல தப்பு இருந்தா நாலு நாள் கழிச்சு வீட்டுக்குப் போய் லெட்டர் எழுதிக்கலாம். இங்க ஒருத்தி ராத்திரியிலேர்ந்து காப்பி இல்லாம கிடக்கா."

"தப்பு இல்ல தையு. தப்பே இல்ல. அதான் பிரச்சினை."

"அப்ப போடுங்க."

போட்டார். பேனா கோட்டின் மேல் ஒருமுறை வழுக்கி, அம்பலவாணன் என்பதில் 'ண'கரம் இரண்டு சுழியாக நின்றுபோயிற்று. அறுபத்து மூன்று வருஷத்தில் அவர் தன் பெயரைப் பிழையாக எழுதியது அதுவே முதல். திருத்துவதற்குள் ஜெனிட்டா உருவிக்கொண்டு போய்விட்டாள். உள்ளே சக்கரங்கள் கிறீச்சிட்டன. பச்சைச் சட்டை போட்ட இரண்டு பேர் தள்ளிவர, பச்சைத் துணிக்குள் தையல்நாயகி பாதியாக இளைத்தவள் போல வெளியே வந்தாள். கண்ணாடியைக் கழற்றி அவர் சட்டைப்பையில் வைத்தாள். கண்ணாடி இல்லாத முகம் எங்கோ பார்த்தது. "எதிர்வீட்டு மங்களத்துக்குப் போன் போட்டு, பால் பாக்கெட்டை எடுத்து ஃப்ரிட்ஜுல வைக்கச் சொல்லுங்க. வெயில்ல கிடக்கும்." அவ்வளவுதான். ஸ்ட்ரெச்சர் நகர்ந்தது. இந்தக் குரல் இனி இல்லை என்று ஆகிவிட்டால், அது கடைசியாகச் சொன்னது பால் பாக்கெட்டைப் பற்றியதாக இருக்கும். தாமும் ஏதாவது சொல்லியிருக்க வேண்டும். என்ன சொல்வது, பயப்படாதே என்பதா? அது தனக்கே சொல்லிக்கொள்வது. நான் இங்கேதான் இருப்பேன் என்பதா? வேறெங்கே போவார். முப்பத்தைந்து வருஷத்தில் ஒரு தடவையாவது இரண்டு சொல்லில் எதையாவது அவளிடம் சொல்லியிருக்கிறாரா என்று தேடினார். கிடைக்கவில்லை. வராந்தாவின் கோடியில் லிஃப்ட். காலைப் பலகாரத் தள்ளுவண்டி அதில் ஏறிக்கொண்டிருந்தது. ஸ்ட்ரெச்சர் காத்து நின்றது. அவருக்கும் அவளுக்கும் நடுவே முப்பது அடி இருக்கும். எழுந்து போகலாமா? நாற்காலியின் விளிம்புக்கு நகர்ந்து உட்கார்ந்தார். சட்டைப்பையில் கண்ணாடி இன்னும் சூடாக இருந்தது.

"சார், கொஞ்சம் இதைப் படிச்சுச் சொல்லுங்களேன்." பக்கத்து நாற்காலிக்காரர், காலையிலேயே தன் பெயர் பெரியண்ணன், துறையூர், லாரி ஓட்டுவது, அப்பாவுக்குக் குடலிறக்கம் என்று நான்கு செய்தியையும் ஒரே மூச்சில் சொல்லியிருந்தார். அவர் கையிலும் அதே படிவம். "நர்சம்மா நீங்களே பார்த்து டிக் அடிச்சு வைங்கன்னு குடுத்துட்டுப் போயிருச்சு. பத்தாவது வரைக்கும் நானும் தமிழ்லதான் சார் படிச்சேன். இது எந்த ஊர்த் தமிழோ."

அம்பலவாணன் லிஃப்டின் மேல் எரிந்த சிவப்பு எண்ணைப் பார்த்துக்கொண்டே, "எது?" என்றார்.

"இந்தா, இது. குருதி... யுறை... வு... தடுப்பி. தடுப்பணை தெரியும், தடுப்பூசி தெரியும். இது என்ன சார், வீடு கட்டுறதா?"

அவருக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வேறொரு நாளாக இருந்தால் 'குருதி'யிலிருந்து தொடங்கி முக்கால் மணி நேரம் ஆகியிருக்கும். இன்று கண் ஸ்ட்ரெச்சரின் மேல் இருந்தது. பேச்சை முடித்து அந்த மனிதரை அனுப்பிவிடும் அவசரத்தில், யாரோ பேசுவது போல, "ரத்தம் கெட்டியாகாம இருக்கிறதுக்கு உங்க அப்பா ஏதாச்சும் மாத்திரை சாப்பிடுறாரான்னு கேக்குறாங்க தம்பி" என்றார்.

"அட, அவ்வளவுதானா? அதை அப்படிக் கேட்டா என்ன? எங்கப்பா விடாம சாப்பிடுறது ஒண்ணே ஒண்ணுதான் சார், பீடி." பெரியண்ணன் சிரித்துக்கொண்டே 'இல்லை'யில் டிக் அடித்தார்.

ரத்தம் கெட்டியாகாமல். இதே சொற்களை யாரோ அவரிடம் சொல்லியிருக்கிறார்கள். ஒரு மேஜைக்கு அப்பால், சுவரில் 'காலனிகளை' என்று தொங்கிய பலகைக்கு முன்னால், ஒரு வாய் அசைந்துகொண்டிருந்தது. அப்போது கேட்காத வாயின் ஒலி இப்போது, இரண்டு வருஷம் தாமதமாக, டிரங்க் காலில் இணைப்புக் கிடைத்தது போலக் கரகரத்து வந்து சேர்ந்தது. இவங்களுக்கு ரத்தம் கெட்டியாகிடக் கூடாது சார், அதுக்குத்தான் இந்த மாத்திரை, ஒருநாளும் விடக் கூடாது. ரோஸ். புதன்கிழமை அறை. பதினான்காம் கேள்வி, நாரை. த் மிகுந்திருக்கிறதா என்றுதான் பார்த்தார். லிஃப்ட் மணி அடித்தது. தள்ளுவண்டி மேலே போய், லிஃப்ட் காலியாகத் திரும்பியிருந்தது. கதவு திறந்தது.

ஓடினார். அறுபத்து மூன்று வயதில், சட்டைப்பையில் தன்னுடையதும் அவளுடையதுமாக இரண்டு கண்ணாடிகளோடு, பளபளத்த தரையில் வழுக்கி வழுக்கி ஓடினார். "சிஸ்டர்! சிஸ்டர், நில்லுங்க! குருதியுறைவு... தடுப்பி... உட்கொண்டிருக்கிறாள்!"

ஜெனிட்டா லிஃப்டுக்குள் ஒரு காலை வைத்தபடி திரும்பினாள். பச்சைச் சட்டைக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். வராந்தாவில் இருந்த யாருக்கும் எதுவும் புரியவில்லை. "என்ன சார்? யாரு? அம்மாவுக்கு ஒண்ணுமில்ல சார், பயப்படாதீங்க, போய் உக்காருங்க." ஸ்ட்ரெச்சரின் முன்சக்கரம் லிஃப்டுக்குள் ஏறியது.

அவருக்குள் சொற்கள் முண்டியடித்தன. உறைவெதிர்ப்பு, ஒழுக்கு, குருதிப்போக்கு, முன்னிரவில், நேற்றைய தினம். நாற்பத்து மூன்று சீட்டுகளும் ஒரே நேரத்தில் பறந்தன. ஒன்றும் வேண்டாம் என்று எல்லாவற்றையும் கீழே தள்ளினார். தள்ளுவதுதான் கஷ்டமாக இருந்தது. வாழ்நாளில் அவ்வளவு பாரத்தை அவர் தூக்கியதில்லை.

"ரோஸ் மாத்திரை," என்றார். "ரத்தம் கெட்டியாகாம இருக்க. நேத்து ராத்திரி சாப்பிட்டா."

ஜெனிட்டாவின் கை ஸ்ட்ரெச்சரின் கம்பியைப் பிடித்தது. லிஃப்ட் கதவு வந்து மோதி, மறுபடி திறந்து, மறுபடி வந்து மோதியது. "நேத்தா? தினமுமா? எவ்வளவு நாளா?"

"ரெண்டு வருஷமா. ஒருநாள் விடாம."

"ஏங்க, எதுக்குக் கத்துறீங்க?" என்று தையல்நாயகி பச்சைத் துணிக்குள்ளிருந்து கேட்டாள். "தலைசுத்தல் மாத்திரையா? அதை ஒருத்தரும் கேக்கவே இல்லையே."

ஜெனிட்டா போனில் சொன்னதும் டாக்டர் ஷர்மதா தலையில் நீலத் தொப்பியோடு படியிறங்கி வந்தார். அறையிலிருந்த பையிலிருந்து அம்பலவாணன் எடுத்துவந்த டப்பாவை வாங்கி, வியாழக்கிழமை அறையைத் திறந்து மாத்திரையை வெளிச்சத்தில் பார்த்தார். படிவத்தைப் புரட்டினார். பதினான்காம் கேள்வியில் அவர் விரல் நின்றது. ஜெனிட்டாவுக்குக் கண் கலங்கிவிட்டது. "அந்தக் கேள்வி எனக்குப் புரியல டாக்டர்" என்றாள். அம்பலவாணன் தரையைப் பார்த்தார். தரையில் அவர் தலைகீழாகத் தெரிந்தார்.

டாக்டர் இரும்பு நாற்காலி ஒன்றை இழுத்துப் போட்டு ஸ்ட்ரெச்சருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். "அம்மா, உங்க கழுத்துல ரொம்பக் கொஞ்சம்தான் இடம். இந்த மாத்திரை உடம்புல இருக்கும்போது அறுத்தா, ரத்தம் சீக்கிரம் நிக்காது. உள்ளேயே தேங்கும். தேங்கினா மூச்சுக்குழாயை அழுத்தும். அப்புறம் மூச்சு விட முடியாது. புரியுதா?"

"புரியுது டாக்டர்."

"குடுத்த டாக்டர்கிட்ட நான் இன்னைக்குப் பேசறேன். எத்தனை நாள் நிறுத்தலாம்னு அவர் சொல்லட்டும். நீங்களா நிறுத்தவும் கூடாது, நீங்களா போடவும் கூடாது. அடுத்த வாரம் பார்க்கலாம். சார், உங்களுக்கும் புரிஞ்சுதா?"

அம்பலவாணன் தலையசைத்தார். கையெழுத்துப் போட்ட படிவத்தை டாக்டர் நீளவாக்கில் இரண்டாகக் கிழித்து மடித்துத் தன் பையில் வைத்துக்கொண்டார். ஒன்பது மணிக்குப் பெரியண்ணனின் அப்பாவைக் கூட்டிப்போனார்கள்.

அதற்கு ஐந்து நிமிஷம் முன்னாலேயே தையல்நாயகிக்கு ஒரு டம்ளர் காப்பி வந்தது.